ஓதுவாரம்மாவின் தொண்டை

கோப்பி மெஷினுக்குள் படிந்திருந்த சுண்ணாம்பை நான் கழுவிக்கொண்டு நின்றபோதுதான் ஓதுவாரம்மா அதைச் சொன்னா. ஆடி மாதம், நல்ல வெய்யில். குசினிக் கதவடியில் நின்றபடி, தைரொயிட்டில் ஒரு கட்டி இருக்கிறதாம், வெட்டி எடுக்க வேண்டுமாம் என்றா. சொன்ன கையோடு, "பால் முடிஞ்சுதோ?" என்றும் கேட்டா.

எனக்குக் கையில் இருந்த பிரஷ் அப்படியே நின்றுவிட்டது.

"கூடாத கட்டியோ?"

"இல்லையாம். ஊசி போட்டு எடுத்துப் பாத்தவை. ஆனால் குரலுக்குப் போற நரம்பு அதை ஒட்டித்தான் ஓடுதாம். நூல் மாதிரி மெல்லிசாம். அதிலை கத்தி பட்டால்..."

அவவின் சீவியமே குரல்தான்.

நான் அங்கே ஹவுஸ்வார்ட். கட்டடத்தைப் பார்த்துக்கொள்கிற ஆள். பூட்டுகிறது, திறக்கிறது, கூட்டித் துடைக்கிறது, ஹீற்றர், கதிரை, விசேஷ நாளில் குசினி. கட்டடம் யூத மக்களுடைய கோயில். நாங்கள் இருப்பது சுவிஸில், பேர்ண் நகரத்தில். வேலை, ரயிலில் போய் வருகிற தூரத்தில் உள்ள ஒரு சின்ன நகரத்தில். சனம் கொஞ்சம், அதிலும் பாதிப்பேர் வயது போனவர்கள். அகதியாக வந்து, ரெஸ்ரோறன்ற் குசினிகளில் கோப்பை கழுவி, முதுகு ஏலாமல் போன பிறகு கடவுளாகப் பார்த்துத் தந்த வேலை. முதல் நாள் திருநீற்றோடு போகலாமா, அழித்துவிட்டுப் போவதா என்று வீட்டில் பெரிய யோசனை. மனைவிதான் சொன்னா, "அவையும் கடவுளைக் கும்பிடுற ஆக்கள்தானே. அழிக்காமல் போங்கோ. தராட்டில் விடட்டும்." தந்தார்கள். இன்றுவரை நெற்றியைப் பற்றி ஒருவரும் ஒரு வார்த்தை கேட்டதில்லை.

அவ அந்தக் கோயிலின் கன்டோரின். இந்தச் சொல்லை நான் முதல் முதல் வீட்டில் சொன்னபோது மனைவி, "கந்தோரோ? அப்ப ஒபிஸ் வேலையெல்லோ?" என்றா. ஒபிஸ் இல்லை, எங்கட கோயிலில் தேவாரம் பாடுகிற ஓதுவார் மாதிரி, ஆனால் அதைவிடப் பெரிய பொறுப்பு என்று விளக்கினேன். அங்கே ஐயர் பூசை செய்ய ஓதுவார் பக்கத்தில் நின்று பாடுகிற மாதிரி இல்லை. பாட்டுத்தான் பூசை. சபை முழுக்க என்ன கேட்க நினைக்கிறதோ அதை ஒரு ஆளுடைய தொண்டை கடவுளிடம் கொண்டு போகிறது. அன்றிலிருந்து எங்கள் வீட்டில் அவவுக்கு ஓதுவாரம்மா என்றுதான் பெயர்.

அந்தக் கோயிலில் அவவுக்கு முன்னம் ஒரு பெண் அந்த இடத்தில் நின்றதில்லை. அந்தப் பக்கத்திலேயே இல்லை என்றுதான் பழைய ஆட்கள் சொல்வார்கள். அவ வந்த கதையை மத்தியானச் சாப்பாட்டு நேரங்களில் துண்டு துண்டாகச் சொல்லியிருக்கிறா. சின்ன வயதில் தகப்பனுக்குப் பக்கத்தில் நின்று பாடினவவாம். கொஞ்சம் வளர்ந்ததும், இனி மேலே பெண்கள் இருக்கிற மாடிக்குப் போ என்று அனுப்பிவிட்டார்களாம். மாடியில் இருந்து பாடினால் கீழே இருந்த ஆம்பிளைகள் திரும்பிப் பார்ப்பார்களாம். பிறகு சங்கீதம் படித்து, ஜேர்மனியில் ஒரு மேடைப் பாடகர் குழுவில் பத்தோடு பதினொன்றாக நின்று பாடி, அது மனதுக்கு ஒட்டாமல், வயது முப்பதைத் தாண்டிய பிறகு இந்தப் படிப்புக்குப் போயிருக்கிறா.

பழைய ராகங்கள் தெரிந்த ஒரு வயதானவர், பெண்ணுக்கு நேரே இருந்து படிப்பிக்க மாட்டேன் என்று சொல்லி, ரெலிபோனில் படிப்பித்தாராம்.

"அவர் பாடுவார். நான் திருப்பிப் பாடினால் அவர் கேக்கக்கூடாது. ரிசீவரைக் கையாலை பொத்திக்கொண்டு நான் பாடிப் பாப்பன். பிறகு கையை எடுத்து, ஓம் விளங்கிச்சுது எண்டுவன். விளங்கினதோ இல்லையோ அவருக்கு என்னெண்டு தெரியும்?" என்று சொல்லிச் சிரிப்பா.

படிப்பு முடித்துப் போன முதல் இடத்தில் ஒரு செத்தவீடு. பெட்டிக்கு முன்னால் இவ போய் நிற்க, அந்தக் குடும்பம் ஒரு ஆம்பிளையைக் கூட்டிவரச் சொன்னதாம். அதைச் சொல்லும்போது மட்டும் அவ சிரிக்கமாட்டா.

அந்தக் கோயிலுக்கு அவ வந்தது நிரந்தரமாக இல்லை. இருந்தவர் பென்ஷனில் போக, இந்தச் சின்ன நகரத்துக்கு வேறு ஒரு ஆம்பிளையும் வரச் சம்மதிக்கவில்லை. பெருநாட்களுக்கு மட்டும் என்று கூப்பிட்டார்கள். மூன்று நாலு குடும்பம் உடனே விலகி வேறு நகரத்துக் கோயிலுக்குப் போனது. மிச்சப் பேருக்கு அவவின் குரல் பிடித்துக்கொண்டது. ஆனபடியால் இன்னொரு வருசம் என்றார்கள், பிறகு இன்னொரு வருசம். முன்னம் இருந்த ஆம்பிளைகளுக்கெல்லாம் நிரந்தர வேலை. இவவுக்கு மட்டும் வருசா வருசம், பெரிய நோன்பு முடிந்த பிறகு கமிட்டி கூடிக் கதைத்துப் புதுப்பிக்கிற வேலை. அதனால் அந்த நோன்பு நாள் அவவுக்கு வழிபாடும்தான், சோதனையும்தான்.

அந்த நாளைப் பற்றி நான் சொல்ல வேண்டும். புரட்டாதி கடைசியில் அல்லது ஐப்பசி தொடக்கத்தில் வரும். ஒரு பின்னேரம் தொடங்கி அடுத்த நாள் இருட்டும்வரை அன்னம் தண்ணீர் கிடையாது. செய்த பிழைகளுக்கெல்லாம் மன்னிப்புக் கேட்கிற நாள். கந்தசஷ்டிக்கு உபவாசம் இருக்கிற எனக்கு அது புதுமையாகத் தெரியவில்லை. ஆனால் நாங்கள் உபவாசம் என்றால் பேசாமல் ஒரு மூலையில் இருப்போம். அவ அந்த முழு நேரமும் நின்று பாட வேண்டும். ஒரு மிடறு தண்ணீர் இல்லாமல். அந்த மண்டபத்தில் பழைய முறைப்படி பெருநாளில் மைக்கும் போடுவதில்லை.

"இது நடக்கிற காரியமோ?" என்று கட்டிச் செய்தி கேட்ட அன்றைக்கு வீட்டில் நான் புலம்பினேன். "ஆடியிலை வெட்டினால் ஐப்பசிக்குள்ளை குரல் வருமோ? வராட்டில் கமிட்டி என்ன செய்யும்?"

மனைவி வயோதிபர் இல்லத்துக் குசினியில் வேலை செய்து களைத்து வந்து காலை நீட்டிக்கொண்டு இருந்தா. "இஞ்சேருங்கோ, கட்டி அவவுக்கு. நெஞ்சு இடிக்கிறது உங்களுக்கு. எனக்குக் கட்டி வந்தால் இப்பிடித் துடிப்பியளோ?"

"நீர் பாடுறனீரோ?"

"பாடாட்டில் என்ன, கத்துறன்தானே. அந்தக் குரல் போனால் வீட்டிலை நிம்மதி எண்டு இருப்பியள்."

அடுத்த வெள்ளிக்கிழமை பேர்ணில் எங்கட முருகன் கோயிலுக்குப் போனேன். அர்ச்சனைச் சீட்டோடு நிற்கும்போதுதான் பயம் பிடித்தது. ஐயர் பெயரும் நட்சத்திரமும் கேட்பார். அவவின் நட்சத்திரம் எனக்குத் தெரியாது, அவவுக்கே தெரியாது. அது போகட்டும். அவர்கள் உருவம் வைத்துக் கும்பிடாத ஆட்கள். அவவின் பெயரை முருகனுக்கு முன்னால் சொன்னால் அவவுடைய கடவுள் கோவித்துக்கொள்ள மாட்டாரா? ஒரு உதவி செய்யப் போய் உபத்திரவமாகிவிட்டால்? வரிசை நகர்ந்துகொண்டே இருந்தது. ஐயர் என் முகத்தைப் பார்த்தார்.

"சுவாமி பேருக்குச் செய்யுங்கோ ஐயா," என்றேன்.

யாருக்கென்று முருகனுக்குத் தெரியும். சொல்லாமல் விட்டதால் அவவின் கடவுளுக்கும் குறை இல்லை. அப்படித்தான் மனதைச் சமாதானப்படுத்திக்கொண்டு பிரசாதத்தை வாங்கினேன். அதை அவவுக்குக் கொண்டுபோய்க் கொடுக்கலாமா என்று ரயில் முழுக்க யோசித்து, கடைசியில் நானே சாப்பிட்டேன்.

சத்திரசிகிச்சை நடந்தது. நரம்பில் கத்தி படவில்லை, ஆனால் நரம்பு களைத்துப்போய்விட்டது, தானாகத் தேறும், எப்போது என்று சொல்ல ஏலாது என்றார்களாம். இரண்டு கிழமையளவில் அவ கழுத்தில் ஒரு சால்வையோடு வேலைக்கு வந்தா. கதைக்கக் கூடாது, குசுகுசுக்கவும் கூடாது. கையால் காட்டுவா. நானும் ஏதோ ஊமையன் மாதிரிக் கையாலேயே பதில் சொல்வேன். "உங்களுக்கென்ன வந்தது, நீங்கள் கதைக்கலாம்தானே?" என்று கண்ணால் கேட்டுச் சிரிப்பா.

பிறகு மெல்ல மெல்லக் கதைக்கத் தொடங்கி, வெறும் மண்டபத்தில் பாடிப் பார்க்கத் தொடங்கினா. நான் ஜன்னல் துடைக்கிற மாதிரி வெளியில் நிற்பேன். கீழே இருக்கிற பகுதி சரியாக வந்தது. மேலே ஏறுகிற ஒரு இடம் இருக்கிறது, அந்த இடத்துக்கு வந்ததும் குரல் இரண்டாகப் பிரிந்து காற்றாகப் போய்விடும். நிறுத்துவா. திரும்பத் தொடங்குவா. அதே இடத்தில் அதே காற்று. துடைத்த கண்ணாடியையே நான் திரும்பத் திரும்பத் துடைத்துக்கொண்டு நிற்பேன்.

கமிட்டித் தலைவர் நல்ல மனிதர், ஆனால் எதற்கும் பயப்படுகிற மனிதர். எல்லா இடத்துக்கும் ரெலிபோன் எடுத்து, தேவைப்பட்டால் வந்து பாட ஒரு ஆம்பிளை கிடைப்பாரா என்று விசாரித்தார். அந்த நாளில் எல்லாக் கோயிலுக்கும் அவரவர் ஆள் வேண்டும், யார் வருவார்கள்? ஒருவரும் இல்லை. இருந்தது ஒரே ஒரு ஆள். அவர் எங்கள் மாட்டு வைத்தியர்.

அவரைப் பற்றிச் சொல்லாமல் இந்தக் கதை நகராது. எம்மென்டால் பக்கத்துப் பண்ணைகளில் மாடுகளுக்கு வைத்தியம் பார்த்து ஓய்வு பெற்றவர். எண்பதைத் தாண்டியும் குரல் மட்டும் மாடு மிரளுகிற குரல். எல்லாப் பாட்டும் மனப்பாடம். அந்தக் கோயிலைக் கட்டின குடும்பங்களில் அவருடையதும் ஒன்று. பெண் பாடுகிறதைக் கேட்கக் கூடாது என்கிற பழைய முறைக்காரர். ஆனால் மற்றக் குடும்பங்கள் மாதிரி அவர் விலகிப் போகவில்லை. "எங்கட தாத்தா கட்டின வீட்டை விட்டு நான் ஏன் போக?" என்று சொல்லிவிட்டு, ஓதுவாரம்மா பாடத் தொடங்குகிற நேரம் புத்தகத்தையும் எடுத்துக்கொண்டு கொரிடோருக்கு வந்துவிடுவார். கோட்டுகள் கொழுவுகிற இடத்துக்குப் பக்கத்தில் நின்று அங்கேயே கும்பிடுவார்.

விசேஷ நாளில் என்னுடைய இடமும் அதே கொரிடோர்தான். கதவைப் பார்க்க வேண்டும். ஆகவே இத்தனை வருசமும் அவரும் நானும் பக்கத்தில் பக்கத்தில் நின்றிருக்கிறோம். மண்டபக் கதவு எப்போதும் அரைவாசி திறந்துதான் இருக்கும். உள்ளே அவ ஒரு பக்கம் முடித்து அடுத்ததுக்குப் போகிற அதே கணம் இவரும் தன் புத்தகத்தில் பக்கம் திருப்புவார்.

ஒருமுறை பகிடியாகக் கேட்டேன். "கேக்காமல் எப்பிடி ஐயா அவவோடை சேர்ந்து தாள் திருப்பிறியள்?"

"காத்து திருப்புது," என்றார். "உமக்குக் கதவைப் பாக்கத்தானே சம்பளம்? கதவைப் பாரும்."

அவர் பேசுவது பேர்ண் டொய்ச், இந்தப் பக்கத்து ஜேர்மன். என் காதுக்கு அது எங்கட பெரியாட்கள் "நீர்" போட்டுக் கதைக்கிற மாதிரித்தான் விழும்.

நோன்புக்கு முந்தின கிழமை திடீரென்று குளிர் வந்தது. மலைப்பக்கம் முதல் பனி விழுந்துவிட்டது என்றார்கள். எனக்கு ஒரே கவலை. குளிர் பட்டால் தொண்டை கட்டும் என்பது எங்கட ஆட்களுக்குக் குழந்தைப்பிள்ளையில் இருந்து ஊறின விஷயம். தலைக்குத் தொப்பி, கழுத்துக்கு மவ்ளர், குடிக்கச் சுடுதண்ணி. அவவுக்குத் தண்ணீர் குடிக்க ஏலாத நாளில் என்னால் செய்யக்கூடியது மண்டபத்தைச் சூடாக வைப்பதுதான் என்று நினைத்தேன். இரண்டு நாளைக்கு முன்னமே ஹீற்றரைக் கூட்டிவிட்டேன். அடுத்த நாள் இன்னும் கொஞ்சம் கூட்டினேன். மண்டபத்துக்குள் கால் வைத்தால் ஊர் வெய்யில் மாதிரி இருந்தது. எனக்குள்ளே ஒரு திருப்தி.

நோன்பு தொடங்குகிற பின்னேரம் எல்லோரும் வெள்ளை உடுப்போடு வந்தார்கள். தோல் சப்பாத்துப் போடக் கூடாத நாள், துணிச் சப்பாத்துகள் சத்தமில்லாமல் உள்ளே போயின. ஓதுவாரம்மாவும் வெள்ளை அங்கி. என்னைக் கடந்து போகும்போது, "எனக்காகக் கும்பிடுங்கோ," என்றா. அதுவரை ஒருநாளும் அவ அப்படிச் சொன்னதில்லை.

அன்றைய முதல் பாட்டை மூன்று தரம் பாட வேண்டும். முதல் தரம் மெல்ல, ஒரு பெரிய மாளிகைக்குள் பயந்து பயந்து வருகிறவன் மாதிரி. இரண்டாம் தரம் கொஞ்சம் கூட. மூன்றாம் தரம் முழுக்குரலில். முதல் தரம் நன்றாக வந்தது. இரண்டாவதும் வந்தது. மூன்றாவது தரம் அந்த ஏறுகிற இடத்தை நோக்கி அவ போகப் போக நான் கோட்டுக் கொழுவியைப் பிடித்துக்கொண்டு, முருகா முருகா என்று உள்ளுக்குள் சொல்லிக்கொண்டு நின்றேன். குரல் பிரியவில்லை. ஆனால் ஓரம் உரசின மாதிரி ஒரு கரகரப்பு. மாட்டு வைத்தியர் கண்ணை மூடிக்கொண்டு நின்றார். அவருடைய நெற்றியில் வேர்வை.

அடுத்த நாள் காலைப் பாட்டுகளில் கரகரப்புக் கூடியது. மத்தியானத்துக்குக் கிட்ட, ஒவ்வொரு வரிக்கும் நடுவில் அவ விழுங்குகிற சத்தம் கதவடிவரை கேட்டது. சிலபேர் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். நான் உள்ளே எட்டிப் பார்த்து, சூடு குறைந்துவிட்டதோ, இன்னும் கொஞ்சம் கூட்டுவோமோ என்று யோசித்தேன். உண்மையாக அப்படித்தான் யோசித்தேன்.

அப்போது மாட்டு வைத்தியர், என்னைப் பார்க்காமல், கோட்டுகளைப் பார்த்துச் சொன்னார்: "ஒருக்கா ஒரு கமக்காரன் குளிர் எண்டு சொல்லித் தொழுவத்தை நாலு பக்கமும் அடைச்சு நெருப்புப் போட்டு வைச்சான். அவ்வளவு மாடும் இருமத் தொடங்கிட்டுது. காத்துக் காய்ஞ்சு போச்சு. மாட்டின்ரை தொண்டைக்கே ஈரம் வேணும்."

நான் ஏதோ பழங்கதை சொல்கிறார் என்று தலையாட்டினேன். அவர் இன்னும் கொஞ்சம் சத்தமாக, "வலு புத்திசாலியான கமக்காரன் எண்டு நினைக்கிறன்," என்றார்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. அவர்களுடைய ஓய்வு நாளிலும் பெருநாளிலும் விளக்கு, ஹீற்றர் ஒன்றையும் அவர்கள் தொடமாட்டார்கள். என்னைப் போன்ற வெளியாளிடம் "இதை நிப்பாட்டு" என்று நேரே சொல்லவும் கூடாது. "இஞ்சை வெளிச்சம் கூடிப்போச்சு" என்கிற மாதிரிப் பொதுவாகச் சொல்லலாம். விளங்குகிறவன் விளங்கிச் செய்ய வேண்டும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் இது பிடிபடாமல் நான் பட்ட பாடு கொஞ்சமில்லை. இப்போது பழக்கம். ஆனால் அன்றைக்குப் பயத்தில் காது அடைத்துப்போய்விட்டது.

கீழே ஓடிப்போய் ஹீற்றரை நிறுத்தினேன். நிறுத்தினாலும் அந்தப் பழைய இரும்புகள் உடனே ஆறாது. குசினியில் இருந்த மேசைத் துணிகளையெல்லாம் தண்ணீரில் நனைத்துப் பிழிந்து, கொரிடோர் ஹீற்றர்களின் மேலும், மண்டபத்துக்குப் பின்னால் இருந்தவற்றின் மேலும் போட்டேன். பின் ஜன்னல்களைக் கொஞ்சம் திறந்துவிட்டேன். மாட்டு வைத்தியர் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு என்னோடேயே நடந்தார். பிழிகிறதும் அவர்களுக்கு அன்று கூடாத வேலை. ஒரு இடத்தை நான் தவறவிட்டபோது அந்த ஹீற்றருக்குப் பக்கத்தில் போய் நின்று, "அட, இதிலை கை வைச்சால் சுடும் போலை," என்றார்.

பின்னேரம் கொஞ்ச நேரம் இடைவேளை. ஓதுவாரம்மா பின் அறையில் வாங்குப் பலகையில் படுத்திருந்தா. கழுத்தில் வெட்டின தழும்பு சிவந்து தெரிந்தது. உயிருக்கு ஆபத்தென்றால் தண்ணீர் குடிக்கலாம் என்று அவர்களுடைய சட்டத்திலேயே இருக்கிறதாம். தலைவர் போய் அதைச் சொன்னார்.

"உயிருக்கு ஒண்டுமில்லை," என்றா அவ. "குரலுக்குத்தான்."

அந்தக் குரல், கடதாசி கிழிகிற மாதிரி இருந்தது. இன்னும் முடிவுப் பிரார்த்தனை இருக்கிறது. நாள் முடிய முன்னம் சொர்க்கத்தின் கதவு சாத்துகிற நேரத்தில் பாடுகிறது. வருசம் முழுக்க வராதவர்களும் அதற்கு வருவார்கள். மண்டபம் நிறையும். அதில் அவ நின்றுபோனால், கமிட்டி கூடிக் கதைக்கவே தேவையில்லை. ஒரு பெண்ணை வைத்துப் பார்த்தோம், முடியவில்லை என்று எல்லோருக்கும் சுலபமாகிவிடும்.

தலைவர் நேரே கொரிடோருக்கு வந்தார். நான் ஈரத்துணியோடு நிற்கிறேன். எனக்கு முன்னாலேயே மாட்டு வைத்தியரிடம் கேட்டார்: "முடிவுப் பிரார்த்தனையை நீங்கள் எடுப்பியளோ? அவவுக்கு ஏலாது போலை."

இந்தக் கேள்விக்காக இந்த மனிதர் எத்தனை வருசம் கோட்டுகளுக்கு நடுவில் நின்றார்! ஓம் என்று ஒரு சொல் போதும். உள்ளே போய்த் தாத்தாவின் மண்டபத்தில், அவர் நினைக்கிற சரியான முறையில், அந்தப் பெரிய குரலை விடலாம். ஒருவரும் குறை சொல்லப் போவதில்லை. அவ கூட ஒன்றும் சொல்லமாட்டா.

மாட்டு வைத்தியர் புத்தகத்தை மூடினார்.

"அவவுக்கு என்ன?" என்று கேட்டார்.

"குரல். நீங்கள் கேட்டிருப்பியள்தானே."

"நானோ? நான் எங்கை கேட்டன்?" பெரிய குரல், கொரிடோர் முழுக்கக் கேட்டது. "நான் பொம்பிளை பாடுறதைக் கேக்கிறேல்லை எண்டு உமக்குத் தெரியும், இந்த ஊருக்கே தெரியும். அதுக்காகத்தானே இஞ்சை நிக்கிறன். கேளாத குரலைப் பழுதெண்டு நான் என்னெண்டு ஒத்துக்கொள்ளுறது?"

"ஆனால், நிலைமை..."

"பழுதில்லாத ஆளை விலத்திப்போட்டு அந்த இடத்திலை போய் நிக்கிறதோ? இண்டைக்கோ? மன்னிப்புக் கேக்கிற நாளிலையோ? எனக்கு இருக்கிற பாவம் காணும்."

தலைவர் என்னைப் பார்த்தார். நான் கதவைப் பார்த்தேன்.

பொழுது சாய அவ எழும்பி உள்ளே போனா. மண்டபம் நிறைந்திருந்தது. காற்றில் நனைந்த துணியின் மணம். நான் எதிர்பார்த்தது மாதிரிக் குரல் திரும்பி வரவில்லை. ஓரிடத்திலும் அவ மேலே ஏறவில்லை. ஏற வேண்டிய இடங்களில் கீழே இறங்கினா. ராகமே வேறு மாதிரிப் போனது, ஒருவரோடு பக்கத்தில் இருந்து கதைக்கிற மாதிரி. சனம் இருமாமல், அசையாமல் முன்னுக்குச் சாய்ந்து இருந்தது. ஒரு இடத்தில் எனக்கு ஒன்றுமே கேட்கவில்லை. நின்றுவிட்டா என்று நினைத்து, கண்ணை மூடிக்கொண்டேன். திறந்தபோது மாட்டு வைத்தியர் என் பக்கத்தில் இல்லை. கதவு நிலையில் ஒரு கையை ஊன்றி, காதை உள்ளே நீட்டிக்கொண்டு நின்றார். அவ நிற்கவில்லை. அவ்வளவு மெதுவாகப் பாடிக்கொண்டு இருந்தா.

கடைசி வரிகளைச் சபை முழுக்கச் சேர்ந்து சொல்லுகிற வழக்கம். ஆட்டுக் கொம்பை ஊதினார்கள். நோன்பு முடிந்தது. நான் ஓடிப்போய் அவவுக்கு ஒரு கிளாஸ் தண்ணீர் கொடுத்தேன். இரண்டு கையாலும் வாங்கிக் குடித்தா. ஒருவரும் நன்றாகப் பாடினீர்கள் என்று சொல்லவில்லை. கைகொடுத்துவிட்டுப் போனார்கள். நல்லதுக்கோ கெட்டதுக்கோ என்று எனக்கு விளங்கவில்லை.

கமிட்டி கூடுகிறவரைக்கும் வீட்டில் என்னால் ஒழுங்காகச் சாப்பிட ஏலவில்லை. "நோன்பு அவைக்கு முடிஞ்சுது, உங்களுக்கு இன்னும் முடியேல்லை," என்று மனைவி சோற்றை என் பக்கம் தள்ளுவா. பிறகு அவவே, "ஒரு சேதியும் இல்லையோ?" என்றும் கேட்பா.

கூடிக் கதைத்தார்கள். மாட்டு வைத்தியர் தன் முறை வந்தபோது, தனக்குக் கருத்து இல்லை, தான் கேட்கவில்லை என்று எழும்பி நின்று சொல்லிவிட்டுத் திரும்பக் கதிரையில் இருந்தாராம். அதைக் கேட்டு எல்லோரும் சிரித்ததில் கூட்டம் இளகிவிட்டதாம். கடைசியில் இன்னும் ஒரு வருசம் என்று முடிவு. நிரந்தரம் இல்லை. ஒரு வருசம்.

அதை அவ எனக்குச் சொன்னது அடுத்த நாள் காலையில், மண்டபத்தில். டொக்டர் பார்த்தாராம். கீழ்க்குரல் இருக்கும், மேலே இருந்தது இனி முழுதாக வராது என்றாராம்.

"எல்லாத்தையும் திரும்ப அமைக்க வேணும்," என்றா. "ஆம்பிளையளின்ரை குரலுக்குக் கட்டின பாட்டுகளை என்ரை குரலுக்கு மாத்த எனக்கு இருபது வருசம் எடுத்தது. இப்ப இந்தக் குரலுக்கு மாத்த ஒரு வருசம்தான் இருக்கு."

"ஏலுமோ?" வாய் தவறிக் கேட்டுவிட்டேன்.

"தெரியாது," என்றா.

பிறகு மேடைக்குப் போய், புத்தகத்தைத் திறந்து, அந்த முதல் பாட்டின் முதல் வரியைக் கீழே ஒரு இடத்தில் தொடங்கினா. சரிவரவில்லை. இன்னும் கொஞ்சம் கீழே. அதுவும் இல்லை. நான் அடுக்குவதற்காக ஒரு கதிரையைத் தூக்கின நேரம் அது. கீழே வைத்தால் நிலத்தில் இடித்துச் சத்தம் கேட்கும். மூன்றாவது தரம் அவ தொடங்கினபோது கதிரையை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு, முதுகு வலிக்க வலிக்க, அப்படியே நின்றேன்.